அரைக் கட்டை வித்தியாசம்

ஒரு நிமிஷ மௌனத்தின் விலை நாலாயிரத்து ஐந்நூறு. நம்பிக்கை இல்லாதவர்கள் ரசீதைப் பார்த்துக்கொள்ளலாம். ஒத்திகை அரங்கத்தின் மேனேஜர் முத்திரை குத்திக் கொடுத்தது. மணிக்கு நாலாயிரத்து ஐந்நூறு வாடகை. குறித்த நேரத்தை ஒரு நிமிஷம் தாண்டினாலும் அடுத்த ஒரு மணிக்கு முழுசாகக் கட்ட வேண்டும். தாண்டினோம். அந்த ஒரு நிமிஷத்தில் யாரும் பாடவில்லை, பேசவில்லை, இருமக்கூட இல்லை. ஆறு பேர் சும்மா இருந்தோம். மூன்று தலைமுறையாகத் துணி விற்கும் குடும்பத்தில் வெறும் காற்றை விலைக்கு வாங்கியவன் நான் ஒருவன்தான். அதுவும் பேரம் பேசாமல்.

வாங்க வைத்தது என் அக்கா. அவள் படம் எடுப்பவள். இப்படிச் சொன்னதும் உங்கள் முகம் மலரும், எந்த நடிகரைப் பார்த்திருக்கிறாள் என்று கேட்கத் தோன்றும். ஒருவரையும் பார்த்ததில்லை. பாட்டுக்காரர்கள், வாத்தியக்காரர்கள், மேடை ஏறுகிறவர்கள் இவர்களைப் பற்றி ஆவணப்படம் எடுப்பாள். "ஓ, ஆவணப்படமா" என்று உங்கள் முகம் திரும்பக் கூம்புகிறது பாருங்கள், அந்தக் கூம்புதலை நான் இருபத்தாறு வருஷமாகப் பார்த்து வருகிறேன். வங்கி மேனேஜர், மாப்பிள்ளை பார்க்க வந்த என் மாமனார், வருமான வரிக்காரர் எல்லோரிடமும் பார்த்தாகிவிட்டது.

சின்ன வயசில் அவளும் என்னோடு கடையில்தான் வளர்ந்தாள். துணி வேண்டாம் என்று எழுந்து போகிற வாடிக்கையாளரின் முகத்தைப் பார்க்காதே, காலைப் பார் என்பார் அப்பா. நிஜமாகவே வேண்டாதவன் குதிகாலில் திரும்புவான். வேண்டியவன் வாசலில் நின்று குடையை ரொம்ப மெதுவாக விரிப்பான். நான் அதைக் கற்று வியாபாரம் செய்தேன். அக்கா அதே வித்தையைக் கற்று ஒரு கேமரா வாங்கினாள். மற்றவர்கள் பாட்டை எடுப்பார்கள், இவள் பாட்டு முடிந்த பிறகு எடுப்பாள். பாடகர் தண்ணீர் குடிப்பது, மிருதங்கக்காரர் விரலை உதறுவது, கூட்டம் கைதட்டி ஓய்ந்ததும் அவர்கள் முகம் தன் பழைய இடத்துக்குத் திரும்புவது. "பாட்டு ஊருக்குப் பாடறது. அது முடிஞ்சப்புறம் விடற மூச்சு இருக்கு பாரு, அதுதான் அவங்களோடது" என்பாள். அதனால் அவள் வாயிலிருந்து 'கட்' என்ற வார்த்தை வந்ததே கிடையாது. கேமராவை நிறுத்துவது பேட்டரியின் பொறுப்பு.

முதல் படம் ஒரு மிருதங்கக்காரரைப் பற்றி. இரண்டு வருஷம் அவர் பின்னால் அலைந்து, அவருடைய கையை மட்டும் எடுத்தாள். முகம் ஒரு இடத்தில்கூட வராது. அதை விலை கொடுத்து வாங்கிய ஒரே ஆள் மிருதங்கக்காரரின் மனைவி. "முகத்தை வீட்ல தினம் பாக்கறேன், கை போதும்மா" என்றாராம். இரண்டாவது, பியானோக்காரருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பக்கம் புரட்டும் ஒரு பெண்ணைப் பற்றி. அதற்கு வெளிநாட்டில் பரிசு கிடைத்தது. கனமான கண்ணாடிக் கட்டி. காற்றில் பில் பறக்காமல் இருக்க என் மேஜையில் நன்றாக உழைக்கிறது. அப்புறம் இன்னும் ஏழெட்டுப் படங்கள். எல்லாம் நல்ல படம் என்று எல்லோரும் சொன்னார்கள், சொன்னவர்களில் யாரும் காசு கொடுக்கவில்லை.

கடைசியில் ஒரு டிவி சேனல்காரர் வந்து மாட்டினார். யார் யாரிடம் மாட்டினார் என்பது பிறகு தெரியும்.

விஷயம் இதுதான். முப்பது வருஷம் ஜோடியாகப் பாடிப் புகழ் பெற்ற அக்கா தங்கை இரண்டு பேர். மூத்தவர், இளையவர் என்றே சொல்கிறேன். அவர்களும் ஒருவர் பெயரை ஒருவர் சொல்லி ஒன்பது வருஷம் ஆகிறது. ஒரே கட்டடத்தில் மூத்தவர் நாலாவது மாடி, இளையவர் ஐந்தாவது மாடி. ஒருவர் லிஃப்டில் போனால் மற்றவர் படியில் போவார்.

சண்டை அரைக் கட்டைக்காக. அறுபது வயசுக்கு மேல் மூத்தவரின் குரல் கொஞ்சம் இறங்கிவிட்டது. வழக்கமாக இருவரும் ஐந்தரைக் கட்டைச் சுருதியில் பாடுவார்கள். ஒரு கச்சேரியில் மூத்தவர் திரைக்குப் பின்னால் வயலின்காரரைக் கூப்பிட்டு, 'இன்னைக்கு அஞ்சு வெச்சுக்கோ' என்று காதோடு சொல்லிவிட்டார். தங்கையிடம் சொல்லவில்லை. மேடையில் தங்கை பழக்கதோஷத்தில் ஐந்தரையில் எடுத்தார், அக்கா ஐந்தில் எடுத்தார். நிறைந்த சபையில் ஒரே பாட்டு இரண்டு மாடியில் நடந்தது. முதல் வரியோடு நின்றது. இருவரும் ஆளுக்கொரு கதவு வழியாக வெளியே போனார்கள்.

சேனல்காரர் அக்காவுக்கு முன்பணம் கொடுத்தார், ஒரே ஒரு நிபந்தனையோடு. "ரெண்டு பேரும் ஒரே ஃப்ரேம்ல இருக்கணும் மேடம். பத்து செகண்ட் போதும். அது இல்லேன்னா படம் இல்ல, முன்பணம் திரும்ப வேணும்."

முன்பணம் ஏற்கெனவே பாதிப் படமாக மாறியிருந்தது. திருப்ப வேண்டுமென்றால் அக்கா தன் எடிட்டிங் அறையை, கணினி, திரை, ஒலிபெருக்கிகள், அந்த இருட்டு உள்பட எல்லாவற்றையும் விற்க வேண்டும். விற்றால் ஐம்பத்தைந்து வயசில் அவளுக்கு இன்னொரு அறை அமையாது. அப்புறம் என்ன, கடைக்கு வந்து கல்லாவில் உட்கார வேண்டியதுதான். ஒரு நல்ல தம்பியாக நான் கல்லாவுக்குப் பக்கத்தில் புது மெத்தை தைத்த நாற்காலி ஒன்று போட்டு வைத்தேன்.

அவள் வந்து அதைப் பார்த்தாள். "யாருக்குடா இது?"

"வாடிக்கையாளருக்கு."

"வாடிக்கையாளருக்கு மெத்தை போடற ஆளா நீ? உக்காந்தா எழுந்திருக்க மாட்டாங்கன்னு ஸ்டூலுக்கே முதுகு வைக்காதவன்."

அன்றிலிருந்து என்னைத் தயாரிப்பு நிர்வாகியாகச் சேர்த்துக்கொண்டாள். சம்பளம் கிடையாது. பேரம் பேசத் தெரிந்த ஒருவன் இல்லாமல் அந்த இரண்டு பாடகிகளிடம் வண்டி ஓடாது என்று அவளுக்குப் புரிந்துவிட்டது.

எனக்கும் ஒரு வாரத்தில் புரிந்தது. மொத்த வியாபாரிகளிடம் பேசியிருக்கிறேன், சுங்கத்துறையில் பேசியிருக்கிறேன், விவாகரத்தான தம்பதிக்கு ஒரே பட்டுப்புடவையைப் பாதிப் பாதியாக வெட்டிக் கொடுத்திருக்கிறேன். இப்படி இரண்டு பேரைப் பார்த்ததில்லை.

"அவளுக்கு எத்தனை நிமிஷம்?" இது மூத்தவரின் முதல் கேள்வி. காபி கொண்டுவந்து வைப்பதற்கு முன்பே.

"இருபத்திரண்டும்மா."

"எனக்கு இருபத்திமூணு. நான் முன்னாடி பிறந்தவ."

ஐந்தாவது மாடிக்கு ஏறினேன். கதவைத் திறந்ததும் இளையவர், "அவங்களுக்கு எத்தனை?" என்றார்.

"இருபத்திமூணும்மா."

"எனக்கும் அதே. ஆனா என் பேரு டைட்டில்ல கடைசியா வரணும்."

"முதல்ல வேண்டாமா?"

"முதல்ல வர்றது யாருக்கு ஞாபகம் இருக்கும் தம்பி? கடைசியா வர்றதுதான் நிக்கும்."

திரும்ப நாலாவது மாடி. லிஃப்ட் பையன் இல்லாத லிஃப்ட். பொத்தானை நானே அமுக்கி அமுக்கி விரல் தேய்ந்தது. கடைசியில் ஆளுக்கு இருபத்துநாலு நிமிஷம், மூத்தவர் பெயர் முதலில், இளையவர் பெயர் கடைசியில், ஒருவர் உட்காரும் நாற்காலி மற்றவர் நாற்காலியைவிட உயரமாக இருக்கக் கூடாது, ஒரே விளக்கு, ஒரே சுவர், ஒரே தண்ணீர்க் குவளை. இத்தனையும் ஒப்புக்கொண்டார்கள். ஒரே ஃப்ரேம் மட்டும் கிடையாது. அந்தப் பேச்சை எடுத்தாலே மூத்தவர் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார். இளையவர் பால்கனிக்குப் போய்விடுவார்.

அக்காவிடம் ஒரு யோசனை சொன்னேன். "ரெண்டு பேரையும் தனித்தனியா எடு. அப்புறம் கம்ப்யூட்டர்ல பக்கத்துல பக்கத்துல ஒட்டிடு. சேனல்காரருக்கு என்ன தெரியும்?"

அவள் என்னைப் பார்த்த பார்வையில் ஒரு கட்டுத் துணி சுருங்கியிருக்கும்.

"சரி. ரெண்டு பேருக்கும் ஒரே நேரம் சொல்லி வரவழைப்போம். வாசல்ல மோதிக்கட்டும்."

"நடக்கறதைத்தான் எடுப்பேன். நடத்த மாட்டேன்."

"நடக்கலேன்னா?"

"நடக்கலேன்னு எடுப்பேன்."

"அதை யாரு வாங்குவா?"

"உன் நாற்காலி இருக்கே" என்றாள். சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். ஆனால் போகும்போது குடையை ரொம்ப வேகமாக விரித்தாள்.

பேட்டிக்கு அந்த ஒத்திகை அரங்கத்தைப் பிடித்தோம். பிடித்தவன் நான். காலை ஒன்பதிலிருந்து பன்னிரண்டு வரை மூத்தவர், ஒன்றிலிருந்து நாலு வரை இளையவர், ஒரே நாளில். பன்னிரண்டுக்கும் ஒன்றுக்கும் நடுவில் வாடகை கட்டவில்லை. சாப்பிடுவதற்கு எதற்கு வாடகை? சாமான்களை உள்ளேயே போட்டுவிட்டு ஆட்கள் மட்டும் வெளியே வராந்தாவில் நின்று சாப்பிடலாம் என்று மேனேஜரிடம் பேசி முடித்திருந்தேன். பெருமையாக இருந்தது. ஒரு மணி நேர வாடகை மிச்சம்.

அன்றைக்கு உள்ளே ஐந்து பேர். நாற்காலியில் மூத்தவர், எதிரே அக்கா, கேமராவில் முக்காலி, ஒலிப்பதிவில் காது, ஓரத்தில் கையில் கடிகாரத்தோடு நான். முக்காலி என்பவர் கேமராமேன். இருபது வருஷமாகக் கேமராவுக்குப் பின்னால் நகராமல் நின்று அந்தப் பெயர் வாங்கியவர். காது என்பவர் ஒலிப்பதிவாளர்; பெயருக்கு விளக்கம் தேவையில்லை. மூன்று தெரு தள்ளி யாராவது மோட்டார் போட்டால் பேட்டியை நிறுத்தச் சொல்கிற மனுஷன்.

மூத்தவர் நன்றாகப் பேசினார். கச்சேரிக் கதைகள், ரயில் பயணங்கள், ஒரே புடவையை இருவரும் மாற்றிக் கட்டிய பஞ்ச காலம். கடைசியில் அக்கா அந்த அரைக் கட்டையைப் பற்றிக் கேட்டாள்.

கண்ணாடி கழன்றது. துடைத்துக்கொண்டே, "எனக்கு மேலே போக முடியலன்னு அவளுக்குத் தெரியாதா? முப்பது வருஷம் பக்கத்துல உக்காந்தவளுக்கு நான் வாய் திறந்து சொல்லணுமா?" என்றார். பிறகு பேச்சை மாற்றி, "அந்தச் சுவத்துல இருக்கற பொட்டி காலையிலிருந்து என்னோட சேர்ந்து பாடுது. அதை நிறுத்த முடியாதா?" என்றார்.

சுவரில் கரண்ட் பெட்டி ஒன்று இருந்தது. விடாமல் 'ம்ம்ம்' என்று முனகிக்கொண்டிருந்தது. அதை நிறுத்தினால் விளக்கும் நின்றுவிடும் என்று மேனேஜர் சொல்லியிருந்தார்.

பன்னிரண்டுக்கு இரண்டு நிமிஷம் இருந்தது. "முடிச்சுக்கலாம்" என்று நான் எழுந்தேன்.

"ஒரு நிமிஷம் சைலன்ஸ் வேணும்" என்றார் காது.

இது அவர்கள் தொழில் வழக்கம். எந்த அறையில் பேட்டி எடுத்தாலும் கடைசியில் ஒரு நிமிஷம் எல்லோரும் அசையாமல் இருக்க, அந்த அறையின் வெறும் சத்தத்தைப் பதிவு செய்வார்கள். பிற்பாடு பேச்சை வெட்டி ஒட்டும்போது இடைவெளிகளை அதை வைத்துத்தான் மூடுவார்கள்.

"போன வாரம் எடுத்த சைலன்ஸ் இருக்கே, அதைப் போட்டுக்கங்க" என்றேன்.

"அது வேற ரூம் சார்."

"சைலன்ஸ்ல என்ன சார் ரூமு?"

அக்கா குறுக்கே வந்தாள். "டேய், நீ ஒரு சாயத்தொட்டிப் புடவைக்கு இன்னொரு சாயத்தொட்டித் துணியில ஒட்டுப் போடுவியா?"

மாட்டேன். வெயிலில் பார்த்தால் காட்டிக்கொடுத்துவிடும். எழுந்தவன் திரும்ப உட்கார்ந்தேன். ஆனால் காது ஹெட்ஃபோனைச் சரிசெய்து, ஒரு கம்பியைப் பிடுங்கி வேறொன்றைச் செருகி முடிப்பதற்குள் கடிகார முள் பன்னிரண்டில் ஏறிவிட்டது. நாலாயிரத்து ஐந்நூறு போயிற்று.

அப்போது கதவு திறந்தது.

இளையவர். ஒரு மணிக்கு வர வேண்டியவர் பன்னிரண்டுக்கே வந்து நிற்கிறார். பின்னால் கேட்டுத் தெரிந்துகொண்டேன்: நாற்காலி உயரத்தை அளப்பதற்காக. தன் அக்கா காலையில் உட்கார்ந்த அதே நாற்காலிதானா, நான் ஏதாவது குட்டை நாற்காலியை மாற்றிப் போட்டுவிடுகிறேனா என்று தன் கண்ணால் பார்க்க. கைப்பையில் டேப் இருந்தது. என்மீது அவருக்கு இருந்த நம்பிக்கை அவ்வளவு.

மூத்தவர் கிளம்பியிருப்பார் என்று நினைத்து உள்ளே வந்தவர், நாற்காலியில் அவரைப் பார்த்து அப்படியே நின்றார். மூத்தவர் நிமிர்ந்து பார்த்தார். இளையவரின் குதிகால் திரும்பத் தொடங்கியது, நான் பார்த்தேன்.

அதே நொடியில் காது, யார் வந்தது யார் போனது என்று எதையும் பார்க்காமல், கண்ணை மூடிக்கொண்டு கத்தினார். "சைலன்ஸ்! ரெக்கார்டிங்! யாரும் அசையாதீங்க!"

இளையவர் அசையவில்லை.

இது வேறு யாராக இருந்தாலும் நடந்திருக்காது. நானாக இருந்தால் போய்யா என்று கதவைச் சாத்திக்கொண்டு போயிருப்பேன். ஆனால் இவர்கள் முப்பது வருஷம் ஒலிப்பதிவுக் கூடங்களில் வளர்ந்தவர்கள். 'ரெக்கார்டிங்' என்று ஒருவன் சொல்லிவிட்டால், கூரையே விழுந்தாலும் சத்தம் போடாமல் விழட்டும் என்று நிற்கிற ஜாதி. கோபம் ஒன்பது வருஷப் பழக்கம். இது அதைவிடப் பழைய பழக்கம். ஒரு கை கதவுப் பிடியில், ஒரு கை டேப் வைத்த பையில், இளையவர் சிலையாக நின்றார். மூத்தவர் நாற்காலியில் மூச்சைச் சன்னமாக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. அது எப்போதும் ஓடும். முக்காலி முகத்தில் சலனமே இல்லை. கை மட்டும் ஒரு பொட்டு நகர்ந்து சட்டகத்தை அகலமாக்கியது. நாற்காலியும் வந்தது. கதவும் வந்தது.

எனக்குக் கைதட்ட வேண்டும்போல இருந்தது. அக்காவைப் பார்த்தேன். அவள் மூச்சே விடவில்லை.

அறையில் அந்தப் பெட்டி மட்டும் 'ம்ம்ம்' என்றது. கொஞ்ச நேரம் போயிற்று. மூத்தவர் தன் வலது கையை மடியிலிருந்து மெதுவாக எடுத்து ஐந்து விரல்களை விரித்துக் காட்டினார். யாருக்கு என்று சொல்லாமல், காற்றுக்குக் காட்டுவது போல. பிறகு கண்ணால் அந்தப் பெட்டியைக் காட்டினார்.

எனக்கு விளங்கவில்லை. விளங்க வேண்டியவருக்கு விளங்கியது. இளையவர் கதவுப் பிடியை விட்டுவிட்டுத் தலையைச் சாய்த்துக் கேட்டார். தலையை ஆட்டினார், இல்லை என்று. தானும் ஐந்து விரலை விரித்து, மற்றொரு கையின் சுட்டுவிரலைப் பாதியாக மடக்கி அதன் பக்கத்தில் வைத்தார். ஐந்தரை.

மூத்தவர் புருவத்தைத் தூக்கினார். ஐந்து விரல், அழுத்தமாக.

இளையவர் உதட்டைப் பிதுக்கினார். ஐந்து விரல், மடங்கிய சுட்டுவிரல். ஓரடி முன்னால் வந்தார், சத்தம் வராமல் கால் விரல் நுனியில்.

பேரம்! எனக்கு ரோமம் சிலிர்த்தது. வாய் திறக்காமல் விரலால் விலை பேசுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். ஆனால் கரண்ட் பெட்டியின் முனகலுக்கு இவ்வளவு கறாராக விலை வைத்து இப்போதுதான் பார்க்கிறேன். ஒருவர் ஐந்துக்குக் கீழே இறங்கமாட்டேன் என்றுகூடச் சொல்லவில்லை, ஐந்துக்கு மேலே ஏறவேமாட்டேன் என்கிறார். மற்றவர் அரையை விட்டுக்கொடுக்கமாட்டேன் என்கிறார். அடி அடியாக நடந்து இளையவர் நாற்காலிக்கு எதிரே வந்துவிட்டார். இருவரும் விரலை ஒருவர் மூக்குக்கு ஒருவர் நீட்டிக்கொண்டிருந்தார்கள்.

"ஓகே, தேங்க்யூ" என்றார் காது, கண்ணைத் திறந்து.

"அஞ்சு!" என்றார் மூத்தவர்.

"இல்லக்கா, அஞ்சரை! காதுல என்ன பஞ்சா?"

அந்த 'க்கா' தானாக ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது. சொன்னவருக்கே பிறகுதான் தெரிந்தது. பையை மார்போடு அணைத்துக்கொண்டார்.

மூத்தவர் காதில் விழாததுபோல், "அஞ்சரைன்னா இந்தப் பொட்டி வெடிச்சிருக்கும்" என்றார். "உனக்கு எல்லாமே அரை ஜாஸ்திதான்."

"உங்களுக்கு எல்லாமே அரை கம்மிதான். சொல்லாம கம்மி பண்றதுதான் வழக்கம்."

அறை கொஞ்சம் சில்லிட்டது. இளையவர் விடவில்லை. குரல் மட்டும் இறங்கியது. "முடியலன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா மூணு கட்டைக்குக்கூட இறங்கிப் பாடியிருப்பேன். வயலின்காரன் காதுல சொல்லத் தெரிஞ்சுது."

மூத்தவர் கண்ணாடியைக் கழற்றினார். துடைக்கவில்லை. கையில் வைத்துக்கொண்டு, "உன்கிட்ட எப்படிடி சொல்றது? நீதானே எனக்குப் பின்னாடி பாடறவ" என்றார்.

பெட்டி பேசியது. உடனே மூத்தவர் கையை வீசி, "அதெல்லாம் இருக்கட்டும். இது அஞ்சு. ஏம்பா, நீ மெஷின் வெச்சிருக்கியே, நீ சொல்லு" என்று காதைக் கூப்பிட்டார்.

"சொல்லட்டும். நானும் கேக்கறேன்" என்றார் இளையவர்.

காது போனை எடுத்துப் பெட்டியின் பக்கம் நீட்டினார். திரையில் முள் ஆடி நின்றது. "அஞ்சுக்கு மேலம்மா. அஞ்சரைக்குக் கீழ. ரெண்டுக்கும் நடுவுல, ஆனா யாருக்குக் கிட்டன்னு பார்த்தா…"

"கட்!" என்றாள் அக்கா.

முக்காலி கேமராவிலிருந்து தலையை வெளியே எடுத்து அவளைப் பார்த்தார். தப்பாகக் கேட்டுவிட்டோமோ என்று காதைப் பார்த்தார். காதுக்கே சந்தேகம். இருபத்தாறு வருஷத்தில் அந்த அம்மா வாயிலிருந்து வராத வார்த்தை.

"கட்னு சொன்னேன். கேமராவை நிறுத்துங்க. போனை உள்ள வைங்க."

எனக்கு மட்டும் புரிந்தது. அசல் விலையை வாடிக்கையாளர் காதில் விழ விடக் கூடாது. ஜெயித்தது யார் என்று தெரிந்த நொடியில் தோற்றவர் கதவு வழியாகப் போயிருப்பார், படத்துக்கான சம்மதக் கையெழுத்தும் அவரோடு போயிருக்கும். என்ன படித்தாலும் எத்தனை பரிசு வாங்கினாலும் அவளும் எங்கள் கல்லாவில் வளர்ந்தவள்தானே.

ஆனால் அவள் முதலில் திரும்பியது என் பக்கம். "இதை நீ நடத்தினியா?"

"என்னது?"

"ரெண்டு பேரையும் ஒரே நாள்ல எதுக்குப் போட்டே? உண்மையைச் சொல்லு. நீ நடத்தினதுன்னா இந்த ஒரு நிமிஷத்தை நான் தொடமாட்டேன். அழிச்சிடுவேன்."

செய்வாள். அந்த ஒரு நிமிஷத்தில்தான் அவள் அறை, அவள் தொழில் எல்லாம் இருந்தது, தெரிந்தும் அழிப்பாள்.

"வாடகைக்காகத்தான்க்கா! ரெண்டு நாள்னா குறைஞ்சபட்ச வாடகையே தனித்தனியா வரும். சேர்த்துப் போட்டா கம்மி. நடுவுல ஒரு மணிக்குக்கூட நான் காசு கட்டல. இவங்களைச் சேர்த்து வைக்கணும்னா அந்த ஒரு மணியைச் சேர்த்து எடுத்திருக்க மாட்டேனா?"

என் முகத்தைப் பார்க்காமல் என் காலைப் பார்த்தாள். பிறகு தலையை ஆட்டினாள். "வாடகை மிச்சம் பிடிக்கன்னா நம்பறேன். நல்ல எண்ணத்துல பண்ணேன்னு சொல்லியிருந்தா நம்பியிருக்க மாட்டேன்."

அப்புறம் பாடகிகளிடம் போய் நேராகச் சொன்னாள். கேமரா ஓடியது, விரல் சண்டை முழுசும் பதிவாகியிருக்கிறது, அதற்குப் பிறகு பேசியதும் இருக்கிறது. இருவரும் சம்மதித்தால் படத்தில் வைப்பேன். ஒருவர் வேண்டாம் என்றாலும் எடுத்துவிடுவேன். சேனல்காரரின் நிபந்தனையைப் பற்றி அவள் வாய் திறக்கவில்லை. எனக்கு நாக்கு அரித்தது. காலை மிதித்துவிட்டாள்.

இருவரும் யோசித்தார்கள். மூத்தவர்தான் முதலில், "யாரு சொன்னது சரின்னு படத்துல வரக் கூடாது" என்றார்.

"வரவே கூடாது" என்றார் இளையவர். ஒன்பது வருஷத்தில் இருவரும் ஒத்துப்போன முதல் விஷயம்.

"வராது. அதுக்கு முன்னாடியே நிறுத்திட்டேன்."

"அப்போ அவ முதல்ல கையெழுத்துப் போடட்டும்."

"வயசுல மூத்தவங்க போடட்டும். எதுலயும் அவங்கதானே முதல்ல."

"நீதானே கடைசியா வர்றதுதான் நிக்கும்னு சொன்னியாம்?"

இளையவர் என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன். இரண்டு மாடிக்கும் ஏறி இறங்குகிறவன் ஒன்றிரண்டு வார்த்தையைச் சிந்தத்தான் செய்வான்.

சம்மதத் தாள் இரண்டு, பேனா இரண்டு கொண்டுவந்து வைத்தேன். "ஒரே நேரத்துல போடுங்க. காது சார் எண்ணுவார்."

எண்ண வேண்டியிருக்கவில்லை. இருவரும் குனிந்தார்கள். ஒருவரை ஒருவர் பார்க்கவில்லை. இருவர் தோளும் ஒரே நேரத்தில் லேசாக ஏறின. பாட்டை எடுப்பதற்கு முன்னால் இழுக்கிற அந்த மூச்சு, இருவருக்கும் ஒன்றாக, ஒரே அளவில். பேனா இரண்டும் ஒரே நொடியில் இறங்கின.

அக்கா சட்டென்று முக்காலியைத் திரும்பிப் பார்த்தாள். முக்காலி கையைக் கட்டிக்கொண்டு நின்றார். கேமராவின் சிவப்பு விளக்கு அணைந்திருந்தது. அவள்தானே நிறுத்தச் சொன்னாள்.

இருபத்தாறு வருஷமாக இப்படி ஒரு மூச்சுக்காகத்தான் அவள் கேமராவைப் பிடித்துக்கொண்டு அலைந்தாள். ஒரே ஒருநாள் நிறுத்தினாள். அன்றைக்குத்தான் வந்தது.

"இன்னொரு தடவை போடச் சொல்லட்டுமா? தாள் நிறைய இருக்கு" என்று அவளிடம் கிசுகிசுத்தேன்.

"நடத்த மாட்டேன்" என்றாள். கண் என்னவோ மாதிரி இருந்தது. நான் மேனேஜரைப் பார்க்கப் போனேன்.

ஒன்றிலிருந்து இளையவரின் பேட்டி நடந்தது. மூத்தவர் போகவில்லை. கார் வரவில்லை என்றார். கார் வாசலில்தான் நின்றது, டிரைவர் தூங்கிக்கொண்டிருந்தார். இளையவர் பேட்டிக்கு நடுவில் ஒரு வருஷத்தைத் தப்பாகச் சொன்னபோது ஓரத்திலிருந்து ஒரு செருமல் வந்தது. அதையும் காது பதிவு செய்தார்.

சேனல்காரர் படத்தைப் பார்த்துவிட்டுக் கேட்டார். "பாடவே இல்லையா மேடம்?"

"இல்லை."

"விரலை விரலைக் காட்டறாங்க. அது என்ன?"

"பேரம்" என்றேன் நான்.

அந்த இடத்தை இன்னொரு தடவை போட்டுப் பார்த்தார். மூன்றாவது தடவை பார்க்கும்போது அவர் கையே மேஜைக்கடியில் ஐந்தா ஐந்தரையா என்று மடங்கி விரிந்துகொண்டிருந்தது. மீதிப் பணத்தைக் கொடுத்தார். என் மெத்தை நாற்காலியைக் கணக்குப்பிள்ளைக்குக் கொடுத்துவிட்டேன். இப்போது அவர் உட்கார்ந்தால் எழுந்திருப்பதில்லை. நாலாவது மாடியிலும் ஐந்தாவது மாடியிலும் யார் லிஃப்டில் போகிறார்கள், யார் படியில் போகிறார்கள் என்று எனக்குத் தெரியாது. காதுக்கு மட்டும் வாரத்துக்கு இரண்டு போன் வருகிறதாம், தனித்தனியாக. 'அவளுக்குச் சொல்லாதே, எனக்கு மட்டும் சொல்லு, எதுக்குக் கிட்ட?' அவர் லைன் சரியில்லை என்று வைத்துவிடுகிறார்.

ஆகக் கணக்கு இது. மூத்தவருக்கு இருபத்துநாலு நிமிஷம், இளையவருக்கு இருபத்துநாலு நிமிஷம், சரி. இருவருக்கும் பொதுவில் ஒரு நிமிஷமும் சொச்சமும், பிரிக்க முடியாது, அப்படியே வரவு. மௌனத்துக்கு நாலாயிரத்து ஐந்நூறு, என் செலவு, அக்கா தருவதாகச் சொல்லியிருக்கிறாள், வராது. அக்காவுக்கு ஒரு மூச்சு நஷ்டம், ஈடு கிடையாது. ஐந்துக்கும் ஐந்தரைக்கும் நடுவில் ஒரு துணுக்குச் சுருதி, யார் பெயரில் எழுதுவது என்று தெரியாததால், நிலுவை.